போன் விளையாட்டுக்குக் கண்ட்ரோலர்: ஒரு தவில்காரர் சொல்லும் வழிமுறை

போனில் விளையாட உதவும், பட்டன்களும் கட்டை விரலால் சாய்க்கும் ஸ்டிக்குகளும் கொண்ட கைக்கருவிதான் கண்ட்ரோலர். அதை வாங்கக் கிளம்புவதற்கு முன் ஒரே ஒரு கேள்விக்கு விடை தெரிந்திருக்க வேண்டும்: நீங்கள் ஆடுகிற விளையாட்டு அதை ஏற்றுக்கொள்கிறதா? எந்த நிறுவனம், என்ன விலை, எத்தனை பட்டன் என்பதெல்லாம் அதற்குப் பிறகு வரும் பேச்சு. திருவாரூரிலும் சுற்று வட்டாரத்திலும் என்னிடம் யோசனை கேட்பவர்களில் பாதிப் பேர் டப்பாவைப் பிரித்த பிறகுதான் வருகிறார்கள். என்ன விளையாட்டு என்று கேட்டால், கண்ட்ரோலரை ஏறெடுத்தும் பார்க்காத ஒன்றின் பெயரைச் சொல்கிறார்கள். பணம் கைவிட்டுப் போன பிறகு சொல்லி என்ன பயன்? அதனால்தான் இதை விரிவாக எழுதுகிறேன்.

நான் தவில் வாசிப்பவன். இடது கையில் பூவரசங் கழி. வலது கை விரல்கள் ஐந்திலும், மாவுப் பசையும் துணியும் சேர்த்துச் சுற்றிக் காயவைத்த கூடுகள். சிறு வயதிலிருந்து இப்படி வாசித்த விரல் நுனி காய்த்துப் போயிருக்கும். போனின் தொடுதிரையோ விரல் கொடுக்கும் அழுத்தத்தால் வேலை செய்வதில்லை. தோலில் இருக்கும் ஈரத்தாலும் மின் கடத்தும் தன்மையாலும் திரையில் உண்டாகும் மிகச் சிறிய மின் மாற்றத்தைத்தான் அது உணர்கிறது. காய்ப்புப் பிடித்த வறண்ட தோல் அந்த மாற்றத்தைச் சரியாக உண்டாக்குவதில்லை. திரையை நான் மூன்று முறை தொட்டால் அது இரண்டு முறைதான் எடுத்துக்கொள்ளும். நாற்று நடுகிறவர்கள், கொத்தனார்கள், நெசவு வேலை செய்பவர்கள் என்று விரல் காய்த்த எல்லோருக்கும் இந்தத் தொல்லை உண்டு. இதற்கு நேர் எதிர்த் தொல்லையும் நம் பக்கத்தில் உண்டு: சித்திரை வைகாசிப் புழுக்கத்தில் வியர்வை சொட்டினால், தொடாத இடத்தையும் தொட்டதாகத் திரை எடுத்துக்கொள்ளும்.

பட்டனுக்கு இந்த வேறுபாடு தெரியாது. அழுத்தினால் அழுத்தியதுதான். கல்யாண முகூர்த்தம் இல்லாத ஆடியிலும் மார்கழியிலும் நான் போனில் மனம்விட்டு விளையாட முடிவதற்குக் கண்ட்ரோலர்தான் காரணம்.

எந்த விளையாட்டு ஏற்கும்

மைன்கிராஃப்ட் ஏற்கும், அதன் செட்டிங்ஸில் கண்ட்ரோலருக்கென்று தனிப் பக்கமே உண்டு. அஸ்பால்ட் கார் பந்தயம் ஏற்கும். கிரிட் ஆட்டோஸ்போர்ட், ஸ்டார்டூ வேலி, டெட் செல்ஸ், ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ் ஆகியவையும் ஏற்கும். 2019-இல் வெளியான கால் ஆஃப் டியூட்டி: மொபைல் ஏற்கும், ஆனால் இரண்டு விஷயங்களைத் தெரிந்துகொள்ள வேண்டும். முதலாவது, சண்டைக்குள்தான் கண்ட்ரோலர் வேலை செய்யும். துப்பாக்கியைத் தேர்வு செய்வதும் ஆட்டத்தைத் தொடங்குவதும் விரலால்தான். இரண்டாவது, கண்ட்ரோலர் வைத்திருப்பவர்களை அந்த விளையாட்டு கண்ட்ரோலர் வைத்திருப்பவர்களோடுதான் மோதவிடும். இதை நான் மனதார வரவேற்கிறேன். விரலால் ஆடுகிறவனையும் ஸ்டிக்கால் ஆடுகிறவனையும் ஒரே களத்தில் இறக்குவது நியாயமில்லை.

ஐபோன் வைத்திருப்பவர்களுக்கு வேலை எளிது. ஆப் ஸ்டோரில் விளையாட்டின் பக்கத்தைத் திறந்து கீழே போனால், கண்ட்ரோலரை ஏற்கும் என்ற குறிப்பு ஒரு சிறிய படத்தோடு இருக்கும். ஆண்ட்ராய்டில் அதை நம்பி உட்கார முடியாது. விளையாட்டை முதலில் நிறுவி, அதன் செட்டிங்ஸைத் திறந்து, ‘கண்ட்ரோலர்’ அல்லது ‘கேம்பேட்’ என்ற பகுதி இருக்கிறதா என்று பாருங்கள். அதோடு நண்பர் யாரிடமாவது ஒரு கண்ட்ரோலரை அரைமணி நேரத்துக்கு இரவல் வாங்கிப் பார்த்துவிட்டால் ஐயமே இருக்காது. லூடோ, கேரம், மிட்டாய் அடுக்குவது போன்றவற்றுக்கு விரலே போதும். அங்கே கண்ட்ரோலருக்கு வேலை இல்லை.

நீடாமங்கலத்திலிருக்கும் என் அக்காள் மகன் முதலில் கேட்டது, இணையத்தில் பலர் மோதும் துப்பாக்கிச் சண்டை விளையாட்டான பிஜிஎம்ஐ பற்றித்தான். “மாமா, கண்ட்ரோலரை இணைத்தால் பிஜிஎம்ஐ ஆடலாமா?” என்றான். “அந்த விளையாட்டு கண்ட்ரோலரை ஏற்பதில்லை, தம்பி” என்றேன். “அதற்கென்று தனிச் செயலி இருக்கிறதாமே?” என்றான். இருக்கிறது. பாண்டா கேம்பேட் புரோ, மேன்டிஸ், ஆக்டோபஸ் என்று சில உண்டு. நீங்கள் பட்டனை அழுத்தும்போது, திரையில் குறிப்பிட்ட இடத்தை ஒரு விரல் தொட்டது போல இவை விளையாட்டுக்குக் காட்டும். மேன்டிஸ் போன்றவற்றை உயிர்ப்பிக்க ஆண்ட்ராய்டு 11 முதல் இருக்கும் ‘வயர்லெஸ் டீபக்கிங்’ வசதியை, போன் செட்டிங்ஸின் டெவலப்பர் பகுதியில் திறக்க வேண்டும். போனை அணைத்துப் போட்டால் மறுபடி அதே வேலை.

தனியாக, இணையம் இல்லாமல் ஆடும் பழைய பந்தய விளையாட்டுக்கு இந்தச் செயலிகளைத் தாராளமாகப் பயன்படுத்தலாம். எதிரில் வேறு மனிதர்கள் ஆடுகிற விளையாட்டில் பயன்படுத்தாதீர்கள். அங்கே வெளிச் செயலிகளுக்கு அனுமதி இல்லை. கண்டுபிடித்தால் கணக்கை முடக்குவார்கள். ஆண்டுக்கணக்கில் சேர்த்த பட்டமும் உடையும் ஒரே நாளில் போய்விடும். அப்படிப் போகாவிட்டாலும், எதிரே விரலால் ஆடுகிறவனுக்கு நாம் செய்வது அநியாயம். இன்னொன்றையும் நினைவில் வையுங்கள்: ஏதாவது ஒரு செயலி தனக்குள்ளேயே உங்கள் கூகுள் கணக்கின் கடவுச்சொல்லைக் கேட்டால், அந்த இடத்திலேயே அதை நீக்கிவிடுங்கள்.

பிஜிஎம்ஐதான் வேண்டும் என்பவர்களுக்குப் போனின் மேல் விளிம்பில் கவ்விப் பிடிக்கும் சிறிய ட்ரிகர்கள் கடையில் கிடைக்கின்றன. சில நூறு ரூபாய்தான். இவற்றுக்கு புளூடூத் கிடையாது. மேலே அழுத்தினால், மின் கடத்தும் ஒரு சிறு முனை கீழே இறங்கித் திரையைத் தொடும். கட்டை விரல் இரண்டையும் நகர்வதற்கும் பார்ப்பதற்கும் விட்டுவிட்டு, ஆள்காட்டி விரல்களால் சுடலாம். திரையில் சுடும் பட்டனை அந்த முனைக்கு நேர் கீழே நகர்த்தி வைத்துக்கொள்வது முக்கியம். தடிமனான கண்ணாடி உறை ஒட்டியிருந்தால் சில நேரம் தொடுகை பதியாது. சாம்சங் போன்களின் டிஸ்பிளே பகுதியில் தொடு உணர்திறனைக் கூட்டும் வசதி இருக்கிறது; அதைத் திறந்துவிடுங்கள்.

எந்தப் போனுக்கு எது

கண்ட்ரோலர்கள் இரண்டு உருவங்களில் வருகின்றன. ஒன்று டிவி விளையாட்டுப் பெட்டிகளோடு வருவது போலத் தனியாக இருப்பது. போனை எங்காவது நிறுத்தி வைத்துவிட்டு ஆடலாம். மற்றொன்று நடுவில் போனைச் செருகி இருபுறமும் பிடித்துக்கொள்ளும் இழுவை வகை: பேக்போன் ஒன், ரேசர் கிஷி, கேம்சர் எக்ஸ்2 போன்றவை. இழுவை வகையில் பல, போனின் சார்ஜ் துளையிலேயே நேராகச் செருகிக்கொள்ளும். புளூடூத் தேவையில்லை, தாமதமும் மிகக் குறைவு, தனியாகச் சார்ஜ் ஏற்றும் வேலையும் இல்லை. கச்சேரிக்குப் போகிற வேனில் ஆட நினைப்பவருக்கு இதுதான் ஏற்றது. வாங்கும்போது துளை பொருந்துகிறதா என்று பாருங்கள்: ஐபோன் 15 முதல் யுஎஸ்பி-சி, அதற்கு முந்தையவற்றில் லைட்னிங். போனின் பின் உறையைக் கழற்றாமல் பெரும்பாலும் இதில் செருக முடியாது என்பதையும் எண்ணிக்கொள்ளுங்கள்.

தனி வகையில் நான் பரிந்துரைப்பது எக்ஸ்பாக்ஸ் கண்ட்ரோலரையும் சோனியின் இரண்டையும்தான். சோனியின் பிஎஸ்4 விளையாட்டுப் பெட்டியோடு வந்த டூயல்ஷாக் 4-க்கு ஆண்ட்ராய்டு 10 அல்லது ஐஓஎஸ் 13 இருக்க வேண்டும். பிஎஸ்5-இன் டூயல்சென்ஸுக்கு ஆண்ட்ராய்டு 12 அல்லது ஐஓஎஸ் 14.5. வீட்டில் ஏற்கெனவே விளையாட்டுப் பெட்டி இருந்தால் புதிதாக எதையும் வாங்க வேண்டாம். அதோடு வந்ததே போதும்.

பழைய எக்ஸ்பாக்ஸ் கண்ட்ரோலரை இரண்டாம் கையாக வாங்குகிறவர்கள் ஒன்றைக் கட்டாயம் கவனிக்க வேண்டும். 2016-க்கு முந்தையவற்றில் புளூடூத் கிடையாது. கடையில் பெட்டி இல்லாமல் கிடந்தாலும் பார்வையாலேயே கண்டுபிடித்துவிடலாம்: நடுவில் ஒளிரும் எக்ஸ்பாக்ஸ் பட்டனைச் சுற்றியுள்ள பிளாஸ்டிக், கண்ட்ரோலரின் முகப்போடு ஒரே துண்டாக இருந்தால் புளூடூத் உண்டு. மேலே இருக்கும் தோள் பட்டன்களோடு சேர்ந்த பளபளப்பான தனித் துண்டாக இருந்தால் இல்லை. கும்பகோணத்தில் ஒரு பழைய பொருள் கடையில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, ஒரே விலை சொல்லி விற்றுக்கொண்டிருந்தார்கள். போனுக்கு உதவுவது அவற்றில் ஒன்று மட்டும்தான்.

விலை குறைந்த கண்ட்ரோலர்களும் மோசமில்லை. சிலவற்றை நானே பலருக்கு வாங்கிக் கொடுத்திருக்கிறேன். ஆனால் சோனியின் உருவத்தை அப்படியே வார்த்துப் பெயரையும் அச்சிட்டு விற்கும் போலிகளைத் தவிர்த்துவிடுங்கள். ஐபோன் அவற்றைப் பெரும்பாலும் ஏற்காது. தன் சொந்தப் பெயரில் விற்கப்படும் மலிவான கண்ட்ரோலர், போலிப் பெயரில் வருவதைவிட எவ்வளவோ மேல்.

கடையில் சோதிப்பது

இதை அவசரமின்றிச் செய்யுங்கள். ப்ளே ஸ்டோரில் ‘கேம்பேட் டெஸ்டர்’ என்று தேடினால் இலவசச் செயலிகள் கிடைக்கும். ஒன்றை முன்கூட்டியே நிறுவிக்கொண்டு போங்கள். கண்ட்ரோலரை இணைத்ததும் திரையில் இரண்டு வட்டங்களும் ஒவ்வொன்றின் நடுவிலும் ஒரு புள்ளியும் தெரியும். முதலில் கையை எடுத்துவிட்டுப் புள்ளியை மட்டும் பாருங்கள். அது நடுவில் அசையாமல் நிற்க வேண்டும். துளி நடுக்கம் இருந்தால் தவறில்லை. ஒரு பக்கமாகச் சாய்ந்து நின்றால் அந்தக் கண்ட்ரோலர் வேண்டாம். பிறகு ஸ்டிக்கை வலது ஓரத்துக்குத் தள்ளிச் சட்டென்று விடுங்கள். புள்ளி நடுவுக்குத் திரும்புகிறதா? இடது, மேல், கீழ் என்று நான்கு பக்கமும் இதையே செய்யுங்கள். அடுத்து விளிம்பை ஒட்டி மெதுவாக ஒரு முழுச் சுற்று. புள்ளி வட்டத்தைத் தொட்டபடியே போக வேண்டும். எந்த மூலையிலாவது உள்ளே சுருங்கினால், அந்தத் திசையில் உங்கள் ஆள் முழு வேகத்தில் ஓட மாட்டான். கடைசியாக ட்ரிகர்கள், அதாவது கண்ட்ரோலரின் பின்பக்கம் ஆள்காட்டி விரல்களுக்கு எட்டும் விசைகள். மெல்ல அழுத்தும்போது எண் படிப்படியாக ஏறுகிறதா, அல்லது பூஜ்யத்திலிருந்து ஒன்றுக்குத் தாவுகிறதா என்று பாருங்கள். தாவினால் அது வெறும் பட்டன். சுடுவதற்குப் போதும், கார் பந்தயத்தில் ஆக்சிலேட்டரை அளந்து மிதிக்க உதவாது.

புள்ளி சாய்வது ஏன் என்றும் சொல்லிவிடுகிறேன். சாதாரண ஸ்டிக்கின் அடியில் ஒரு கரிப் படலத்தின்மேல் சிறு உலோக முனை உராய்ந்தபடியே நகரும். நாளாக ஆகப் படலம் தேயும், தூசி சேரும், கையை எடுத்தாலும் எடுக்காதது போலக் காட்டும். ‘ஹால் எஃபெக்ட்’ என்று பெட்டியில் போட்டிருக்கும் ஸ்டிக்குகளில் இந்த உராய்வு கிடையாது. காந்தமும் அதன் புலத்தை உணரும் ஒரு துண்டும் தொட்டுக்கொள்ளாமலே வேலை செய்யும். 1879-இல் எட்வின் ஹால் கண்டறிந்த விளைவு, இன்று நம் கட்டை விரலுக்குக் கீழே வந்திருக்கிறது. நாகப்பட்டினம், வேதாரண்யம் பக்கம் உப்புக் காற்றில் இருப்பவர்களுக்கும், கை வியர்க்கும் எல்லோருக்கும், சற்று அதிக விலையானாலும் இதையே வாங்கச் சொல்வேன்.

இணைப்பது

போனில் புளூடூத் பக்கத்தைத் திறந்து வைத்துக்கொள்ளுங்கள். எக்ஸ்பாக்ஸ் கண்ட்ரோலரில் நடு பட்டனை அழுத்தி உயிர்ப்பித்த பிறகு, மேல் விளிம்பில் இருக்கும் சிறிய இணைப்பு பட்டனை நடு விளக்கு வேகமாகச் சிமிட்டும்வரை பிடித்திருங்கள். டூயல்ஷாக் 4-இல் ‘ஷேர்’ பட்டனையும் நடுவிலிருக்கும் பிஎஸ் பட்டனையும் சேர்த்துப் பிடிக்க வேண்டும். டூயல்சென்ஸில் ‘கிரியேட்’ பட்டனும் பிஎஸ் பட்டனும். விளக்கு சிமிட்டத் தொடங்கியதும் போனின் பட்டியலில் ஒரு பெயர் வரும். டூயல்ஷாக் வெறும் ‘வயர்லெஸ் கண்ட்ரோலர்’ என்றுதான் வரும், சோனியின் பெயரைத் தேடாதீர்கள். அதைத் தொட்டால் இணைந்துவிடும். போனின் முகப்புத் திரையிலேயே திசை பட்டனை அழுத்திப் பாருங்கள்; ஆண்ட்ராய்டில் செயலிகளின்மேல் ஒரு கட்டம் நகர்ந்தால் எல்லாம் சரி.

மலிவான கண்ட்ரோலர்களில் குழப்பம் வேறு விதம். ஒரே கண்ட்ரோலர் ஆண்ட்ராய்டு, கணினி, நின்டெண்டோவின் ஸ்விட்ச் விளையாட்டுப் பெட்டி என்று வெவ்வேறு வேடங்களில் எழும். எந்த பட்டனோடு சேர்த்து உயிர்ப்பிக்கிறீர்கள் என்பதைப் பொறுத்து வேடம் மாறும். 8பிட்டோ கண்ட்ரோலர்கள் பலவற்றில் ‘ஸ்டார்ட்’டோடு பி பட்டனை அழுத்தினால் ஆண்ட்ராய்டு வேடம். மற்றவை ஒவ்வொன்றும் ஒவ்வொரு மாதிரி. அதனால் டப்பாவுக்குள் இருக்கும் மடித்த காகிதத்தைத் தூக்கி எறியாமல் போனில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். இணைந்தும் விளையாட்டுக்குள் ஒன்றும் நடக்கவில்லை என்றால், பத்தில் எட்டு முறை வேடம் மாறியிருக்கும். புளூடூத் பட்டியலிலிருந்து பழைய பெயரை நீக்கிவிட்டு, சரியான வேடத்தில் எழுப்பி மறுபடி இணையுங்கள்.

பட்டன்களின் பெயரும் இடமும் மாறும். விளையாட்டு ‘ஏ பட்டனை அழுத்து’ என்று சொன்னால், எக்ஸ்பாக்ஸில் அது நான்கில் கீழே இருப்பது. சோனியில் அதே இடத்தில் பெருக்கல் குறி இருக்கும். நின்டெண்டோவிலோ ஏ வலப்பக்கம் இருக்கும். எழுத்தை மறந்து இடத்தை நினைவில் வைத்தால் இரண்டு நாளில் பழகிவிடும். ஐபோனில் இடம் மாற்றிக்கொள்ளவும் வழி உண்டு: கண்ட்ரோலர் இணைந்திருக்கும்போது செட்டிங்ஸின் ‘ஜெனரல்’ பகுதியில் கேம் கண்ட்ரோலர் என்ற பக்கம் தோன்றும்.

தாமதம்

என் தொழிலால் எனக்கு உறுத்துவது இதுதான். மற்றவர்கள் சகித்துக்கொள்ளும் தாமதத்தை என்னால் சகிக்க முடிவதில்லை, நீங்களும் சகிக்கத் தேவையில்லை.

தாளத்தின் ஓர் எண்ணிக்கையை ஒரு நொடி என்று வைத்துக்கொள்ளுங்கள். அதை நான்காகப் பிரிக்கும் சதுஸ்ர நடையில் ஒவ்வொரு தாளச் சொல்லுக்கும் கால் நொடி. வேகம் இரட்டிப்பாகும் அடுத்த காலத்தில் அரைக்கால் நொடி, அதாவது எட்டில் ஒரு பங்கு. அதற்கும் மேல் காலத்தில் மாகாணி நொடி, அதாவது பதினாறில் ஒரு பங்கு. மாகாணி நொடி பிந்தினாலும் நாகஸ்வரக்காரர் திரும்பிப் பார்ப்பார். விளையாட்டிலும் இதே அளவுகோல்தான். போனின் திரை பொதுவாக நொடிக்கு 60 முறை புதுப்பிக்கப்படுகிறது. கண்ட்ரோலரின் தாமதம் அதில் ஒன்றிரண்டு காட்சிக்குள் அடங்கினால் கை உணராது. மாகாணியைத் தொட்டால் ஏதோ இடறுகிறது என்று தோன்றும். அரைக்காலைத் தொட்டால், குழியைத் தாண்டக் குதித்தவன் குழியில் விழுந்திருப்பான்.

இதை அளக்கக் கருவி வேண்டாம், காது போதும். பட்டனை அழுத்தினால் சட்டென்று ஒலி எழும் ஓர் இடத்தை விளையாட்டில் எடுத்துக்கொள்ளுங்கள்; மைன்கிராஃப்டின் பட்டியல் பக்கத்தில் ஒவ்வொரு தேர்வுக்கும் ஒரு ‘டிக்’ வரும், அது நல்லது. போனின் ஒலியைக் கூட்டி, கண்ட்ரோலரை மேசைமேல் வைத்து, பட்டனை நகக்கண்ணால் தட்டுங்கள். பிளாஸ்டிக்கின் ‘டக்’ முதலில், போனின் ‘டிக்’ பிறகு. இரண்டுக்கும் நடுவே இருக்கும் இடைவெளியைக் கேளுங்கள். போனின் ஒலிக்கே சிறு தாமதம் உண்டு என்பதால் ஒரு முறை கேட்டு முடிவுக்கு வரக் கூடாது. அதே போன், அதே விளையாட்டில் முதலில் கேபிள் போட்டும் பிறகு புளூடூத்திலும் தட்டிப் பாருங்கள். கேபிளில் ஒட்டி வந்த இரண்டு ஒலிகளும் புளூடூத்தில் தெளிவாகப் பிரிந்தால், அந்தப் பிரிவுதான் புளூடூத் கொண்டுவந்த தாமதம்.

பிரிந்தால் என்ன செய்வது? முதலில் புளூடூத் இயர்போனைக் கழற்றுங்கள். பெரும்பாலான குறைகளுக்கு அதுதான் காரணம். சாதாரண புளூடூத் இயர்போனில் ஒலி அரைக்கால் நொடிக்கும் மேல் பிந்தி வரும். அதோடு கண்ட்ரோலரும் இயர்போனும் போனின் ஒரே புளூடூத்தைப் பங்கு போட்டுக்கொள்கின்றன. கம்பி இயர்போன் போட்டால் இரண்டு தொல்லையும் தீரும். அடுத்து வைஃபை. புளூடூத்தும் பழைய வகை வைஃபையும் ஒரே 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் ஓடுகின்றன. வீட்டு ரூட்டரில் 5 கிகாஹெர்ட்ஸ் இருந்தால் போனை அதற்கு மாற்றுங்கள். கல்யாண மண்டபத்தில், மாப்பிள்ளை அழைப்பு முடிந்து எல்லோரும் போனும் கையுமாக உட்கார்ந்திருக்கும் நேரத்தில், புளூடூத் கண்ட்ரோலர் தடுமாறுவதை நான் கண்கூடாகப் பார்த்திருக்கிறேன். ஊர் திரும்பும் வழியில் வேனில் அதே கண்ட்ரோலர் ஒழுங்காக வேலை செய்யும். போனில் பேட்டரி சேமிப்பு முறை திறந்திருந்தால் அணையுங்கள். போன் சூடேறியிருந்தாலும் வேகம் குறையும். கோடையில் சார்ஜ் போட்டபடி ஆடுவதைத் தவிர்த்தாலே பாதி சரியாகும்.

தாமதம் அறவே கூடாது என்பவர்களுக்குக் கேபிள். போனில் யுஎஸ்பி-சி துளை இருந்து கண்ட்ரோலரிலும் அதே துளை இருந்தால், இரு முனையும் சி ஆன ஒரு கேபிள் போதும். மற்றவற்றுக்கு, போனில் வேறு கருவிகளைச் செருக உதவும் ஓடிஜி இணைப்பி என்று கேட்டு வாங்குங்கள், எந்த போன் கடையிலும் இருக்கும். சில மலிவான கேபிள்கள் மின்சாரத்தை மட்டும் கடத்தும், தகவலைக் கடத்தாது; கடையிலேயே செருகிப் பாருங்கள். ஓப்போ, ரியல்மி, ஒன்பிளஸ் போன்ற சில போன்களில் செட்டிங்ஸில் ‘ஓடிஜி’ என்று தேடி அதைத் திறந்துவிட வேண்டும். சற்று நேரம் எதுவும் செருகாமல் இருந்தால் அது தானாக மூடிக்கொள்ளும், மறுபடி திறக்க வேண்டியிருக்கும்.

போனின் படத்தை டிவிக்கு அனுப்பிப் பெரிய திரையில் ஆட ஆசைப்படுகிறவர்கள் உண்டு. கம்பியில்லாமல் அனுப்பினால் தாமதம் பலமடங்காகிவிடும், பந்தயமும் சண்டையும் ஆட முடியாது. வீட்டில் இருப்பது ஆண்ட்ராய்டு டிவி என்றால் கண்ட்ரோலரை நேரே டிவியோடு இணைத்து, விளையாட்டையும் அதிலேயே நிறுவிக்கொள்ளலாம்.

விளையாட்டுக்குள்

இங்கே மூன்று அளவுகளைத் தொட்டால் போதும். கேமராவின் வேகம் ஆரம்பத்தில் அதிகமாக இருக்கும். குறைத்து வைத்துக் கை பழகப் பழக ஏற்றுங்கள். ‘டெட்ஸோன்’ என்பது ஸ்டிக் எவ்வளவு நகர்ந்த பிறகு விளையாட்டு அதைக் கணக்கில் எடுக்க வேண்டும் என்ற அளவு. புதுக் கண்ட்ரோலரில் சிறிதாக வையுங்கள், ஸ்டிக் தேய்ந்து புள்ளி சாயத் தொடங்கினால் சற்றுக் கூட்டுங்கள். புது ஸ்டிக் மாற்றும்வரை காலம் தள்ளலாம். மூன்றாவது அதிர்வு. நான் அதை அணைத்துவிடுவேன். வாசிக்கிற கைக்கு அது தேவையில்லாத அசதி, பேட்டரியையும் தின்னும்.

போனைக் கண்ட்ரோலரின்மேல் கவ்வவைக்கும் கிளிப் வசதியாகத் தெரிந்தாலும், பெரிய போனின் எடை முழுவதும் மணிக்கட்டில் இறங்கும். வீட்டில் ஆடும்போது ஒரு சிறிய ஸ்டாண்டில் போனைக் கண் மட்டத்துக்கு நிறுத்தி, கண்ட்ரோலரை மடியில் வைத்து ஆடுங்கள். கழுத்தும் மணிக்கட்டும் தப்பும். கையால் பிழைக்கிற யாருக்கும் இதை அழுத்திச் சொல்வேன்: கட்டை விரலின் அடியில் இழுக்கிற வலி வந்தால் அன்றைக்கு அதோடு நிறுத்துங்கள்.

மழைக்காலமும் பராமரிப்பும்

ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் மின்சாரம் எப்போது போகும், எப்போது வரும் என்று சொல்ல முடியாது. எக்ஸ்பாக்ஸ் கண்ட்ரோலர் இரண்டு சாதாரண பேனா பேட்டரியில் ஓடுவதால், தெருமுனைப் பெட்டிக்கடை திறந்திருந்தால் போதும். சோனியின் இரண்டிலும் பேட்டரி உள்ளேயே இருக்கிறது: டூயல்ஷாக் 4-இல் 1,000 மில்லி ஆம்பியர் மணி, டூயல்சென்ஸில் 1,560. வானம் கறுக்கும்போதே சார்ஜ் ஏற்றி வைத்துக்கொள்வது நல்லது. இரண்டு மாதம் தொடாமல் வைக்கப் போகிறீர்கள் என்றால் எக்ஸ்பாக்ஸிலிருந்து பேட்டரிகளை எடுத்துவிடுங்கள். அவை கசிந்து உள்ளே இருக்கும் உலோகத் தகடுகளை அரித்துவிடும். சோனியின் கண்ட்ரோலரைப் பாதிச் சார்ஜில் வைத்துவிட்டு, இடையில் ஒரு முறை ஏற்றுங்கள்.

ஆடி முடித்ததும் உலர்ந்த பருத்தித் துணியால் வியர்வையைத் துடையுங்கள். ஸ்டிக்கின் கழுத்தைச் சுற்றியுள்ள பள்ளத்தில்தான் அழுக்கு சேரும்; பழைய பல் துலக்கும் தூரிகை அதற்குப் போதும். தண்ணீரோ தேங்காய் எண்ணெயோ அங்கே விடாதீர்கள். மூடி இறுகிய டப்பாவில், செருப்புப் பெட்டிகளில் வருகிற ஈரம் உறிஞ்சும் சிறு பொட்டலம் ஒன்றைப் போட்டுக் கண்ட்ரோலரை வைத்தால் மழைக்காலம் முழுவதும் பூசணம் பிடிக்காது.

கண்ட்ரோலரை வேறொருவருக்குக் கொடுக்கும்போதோ விற்கும்போதோ உங்கள் போனின் புளூடூத் பட்டியலிலிருந்து அதன் பெயரை நீக்கிவிடுங்கள். நீக்காமல் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்தால், அவர்கள் தங்கள் போனோடு இணைக்கும்வரை நடு பட்டனை அழுத்தும்போதெல்லாம் அது சுவருக்கு இந்தப் பக்கம் இருக்கும் உங்கள் போனைத்தான் தேடி வந்து ஒட்டிக்கொள்ளும்.